சென்னை விமானத்தின் முன்னால்

அன்பு உஸ்மாவுக்கு, அஸ்ஸலாமு அலைக்கும். ஷார்ஜாவில் நான் சுகம். உன் முட்டி வலி தேவலையா? நம்ம கல்மண்டபம் பக்கம் மழை விட்டதா?

விமானம் கிளம்பும் முன் முன்சக்கரத்தில் சொருகிய இரும்பு ஊசியை உருவி, அதில் தொங்கும் சிவப்பு நாடாவைப் பைலட்டுக்குத் தூக்கிக் காட்டுவது என் வேலை. அவர் கையசைப்பார். நான் விலகிய பிறகுதான் விமானம் நகரும்.

நேற்று விடியலில் சென்னை விமானம். பனியில் தரையெல்லாம் காசிமேட்டுக் கடல் மாதிரி வெளுத்து மிதந்தது. வரிசையாக ஜன்னல் வெளிச்சம், உள்ளே நம்மூர் முகங்கள். நாடாவைத் தூக்கியவன் அப்படியே நின்றுவிட்டேன். பைலட் கையசைத்தும் நான் நகரவில்லை. விமானமும் நகரவில்லை.

விமானத்தைத் தள்ளிவிடும் டிராக்டரை ஓட்டும் நம்ம ராயபுரம் காஜா மொய்தீன் கத்தினார்: "இன்னா மாமு, பிளேனை வூட்டுக்கு வுட மாட்டியா?"

சூப்பர்வைசர் ஒரு தாளில் கையெழுத்து வாங்கிக்கொண்டார், அவ்வளவுதான். நீ பேஜாராகாதே.

பனிக்குக் காதைச் சுற்றிக் கட்ட உன் துப்பட்டா ஒன்று கொடுத்தனுப்பு. பழசே போதும், புதுசு வேண்டாம்.

காஜா இன்று லீவில் ஊருக்கு வருகிறார், அவரிடம் கொடுத்தனுப்பும் இந்தக் கடிதத்துக்கு அவசரப்படுத்துகிறார். அவர் ஏறும் விமானத்துக்கும் நான்தான் நாடா காட்ட வேண்டும். இன்று உடனே விலகிவிடுவேன். இந்தக் கடிதமாவது உன்னிடம் வந்து சேரட்டும்.

உன் தவ்ஃபீக்