கொற்றன் கதையில் விட்டுப்போன மூன்று நாள்

வைகாசி 4

பேத்தி சாவித்திரி தஞ்சாவூர் போனவள் ஒரு புத்தகம் வாங்கி வந்தாள். கொற்றன் படக்கதை முழுவதும் ஒரே புத்தகமாக வந்துவிட்டது. செங்கல் கனம் கனக்கிறது.

முன்பு அது பேப்பரில் தினம் மூன்று கட்டமாக வந்தது. இரண்டாம் வகுப்போடு நின்றவள் நான். நாற்பது வயதில் அதைப் பார்த்துத்தான் எழுத்துக் கூட்டினேன். டீக்கடைத் தங்கையன் பழைய பேப்பரைக் கொடுப்பான். வெட்டி, சோற்றுப் பசை தடவி நோட்டில் ஒட்டுவேன். அந்த நோட்டு இன்னும் இருக்கிறது. அதில் மூன்று நாள் மட்டும் இல்லை. அறுபத்தொன்பதாம் வருஷம், ஆனி இரண்டு, மூன்று, நாலு.

ஆனி ஒன்றாம் தேதி என் மகன் வைரக்கண்ணு காணாமல் போனான். அந்த மூன்று நாளும் எந்தப் பேப்பரை நினைத்தேன்? பிறகு தங்கையனே கொண்டுவந்து போட்டான்.

வைகாசி 6

நாகப்பட்டினத்தில் அவன் கப்பல் ஏறியதைக் கண்ணால் பார்த்ததாகப் பண்ணைக் காரியக்காரர் பஞ்சநதம் சொன்னார். குத்தகைத் தகராறில் பண்ணை வாசலிலேயே கொடி நட்டவன், பயந்து ஓடிவிட்டானாம். பயமா? அவனுக்கா?

அவன் போனது பெண்டாட்டியால். அன்று காலை அமிர்தம் வயிற்றுப் பிள்ளையோடு நின்றுகொண்டு, "கட்சி கட்சின்னு அலையிறீங்கள்ல, அப்படியே எங்கயாவது போயிருங்க" என்றாள். என் காதால் கேட்டேன். போய்விட்டான்.

அன்றிலிருந்து மருமகளோடு நான் ஒரு வார்த்தை பேசியதில்லை. ஒரே அடுப்பு, இருபத்தொரு வருஷம். வேண்டியதைச் சாவித்திரியிடம் சொல்வேன். அவளுக்குப் பேச்சு வரும் வரை பூனையிடம் சொன்னேன்.

வைகாசி 9

நாளுக்கு இருபது பக்கம். என் நோட்டைப் பக்கத்தில் வைத்துச் சரிபார்க்கிறேன். ஒரு கோடு மாறவில்லை.

"புத்தகத்துக்கே பரீட்சை வைக்கிற ஆளு நீதான் அப்பாயி" என்று எங்கள் வாத்தியாரம்மா சாவித்திரி சிரிக்கிறாள். சிரிக்கட்டும்.

வைகாசி 12

விட்டுப்போன இடம் வந்துவிட்டது. மத்தியானம் நல்ல வெளிச்சத்தில் திருப்பினேன்.

முதல் நாள்: கொற்றனைப் பின்னாலிருந்து அடித்துச் சாய்க்கிறார்கள்.

இரண்டாம் நாள்: ஒரு மதகு. தண்ணீர் போக மூன்று கண். பக்கத்தில் தலை முறிந்த பனை. மூன்றாவது கண்ணுக்குள் அவனைத் திணிக்கிறார்கள்.

மூன்றாம் நாள்: இரண்டு பக்கமும் செங்கல் வைத்துப் பூசுகிறார்கள். கடைசிக் கட்டத்தில் பேச்சே இல்லை. கல்லுக்கு நடுவில் ஒரு கை.

இடது கை.

கொற்றன் கதை முழுக்க வலது கையில்தான் கத்தி பிடிப்பான். என் மகன்தான் இடதுகைக்காரன். மண்வெட்டியா, அரிவாளா, எல்லாம் அந்தக் கைதான். சோற்றில் அதை வைத்தான் என்று அடித்திருக்கிறேன்.

அடுத்த நாள் படம் என் நோட்டிலும் இருக்கிறது. கொற்றன் குதிரை மேல் போகிறான். எப்படி வெளியே வந்தான் என்று ஒரு வரி இல்லை. அப்படி ஒன்று நடக்கவே இல்லை என்பது போல.

வைகாசி 13

எங்கள் ஊர் மதகுக்கும் மூன்று கண். பனையும் நிற்கிறது. மூன்றாவது கண் ஒழுகுகிறது என்று சொல்லி அந்த ஆனியில்தான் பண்ணையில் அடைத்தார்கள். அடைக்க வைத்தவர் பஞ்சநதம்.

வைகாசி 15

படம் போட்டவர் இந்தப் பக்கம் வந்தவரா என்று சாவித்திரியைக் கேட்டேன். முன்னுரையைப் படித்துச் சொன்னாள். கால் விளங்காதவராம். மதராஸில் ஒரே அறையில் இருந்து செத்தாராம். படத்தை எப்போதும் ஒரு மாதம் முன்னாடியே போட்டுக் கொடுத்துவிடுவாராம்.

"அப்படின்னா?"

"அப்படின்னா, அப்பா காணாமப் போறதுக்கு முன்னாடியே போட்ட படம். கதை அப்பாயி அது. விடு."

ஒரு மாதம் முன்பு. அப்போது என் பிள்ளை எனக்கு எதிரில் உட்கார்ந்து பழையது சாப்பிட்டுக்கொண்டிருந்தான். அங்கே ஒருவர் அவனுக்குக் கல் வரைந்துகொண்டிருந்தார்.

வைகாசி 16

இதை எழுதிவிட வேண்டும்.

கண்ணை அடைத்த மறுவருஷம் அந்த இடத்தில் மாடுகள் மிரண்டன. குறி கேட்டதில் மதகு முனி என்று வந்தது. செங்கல்லுக்கு மஞ்சள் பூசிப் பொட்டு வைத்தோம். தண்ணீர் வரும் அன்று ஊரில் முதல் சூடம் நான்தான் ஏற்றுவேன். என்ன வேண்டினேன்? கப்பல் ஏறினவன் திரும்பி வரணும் என்று. இருபது வருஷம் அங்கே நின்று, வா வா என்று —

வைகாசி 18

பஞ்சநதம் வீட்டுக்குப் போனேன். பண்ணைக் குடும்பம் நிலத்தை விற்றுப் போய்விட்டது. இவர் மட்டும் இங்கே கிடக்கிறார். அந்தப் பக்கத்தைத் திறந்து அவர் மடியில் வைத்தேன். நெடுநேரம் பார்த்தார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

"யாரு பாத்தது?" என்றார்.

பொய் என்று சொல்லவில்லை. யார் பார்த்தது என்றுதான் கேட்டான்.

வைகாசி 19

மேட்டூர் திறந்துவிட்டால் தண்ணீர் வந்துவிடும். கடப்பாரையோடு காய்ந்த வாய்க்காலில் இறங்கினேன். முனி மேல் கை வைக்காதே என்று ஊரே மறித்தது. பின்னாலிருந்து யாரோ கடப்பாரையைப் பிடுங்கினார்கள். அமிர்தம். அவளும் அந்தப் பக்கத்தைப் பார்த்திருக்கிறாள். மஞ்சள் பூசின கல்லில் முதல் குத்து அவள் குத்தினாள். பிறகு ஒருவரும் மறிக்கவில்லை.

நாலாவது வரிசை விழுந்ததும் தெரிந்தது. கல்லைத் தள்ளப் போனது போல ஒரு கை எலும்பு நீட்டிக்கொண்டிருந்தது.

எந்தக் கை என்று எழுத மாட்டேன்.

வைகாசி 20

போலீஸ் வந்து பஞ்சநதத்தை அழைத்துப் போனது.

வைகாசி 30

காரியம் முடிந்தது. அமிர்தம் தாலியைக் கழற்றினாள். அடித்துப் போட்டவனை விட்டுவிட்டு இவளை இத்தனை வருஷம் வாட்டியிருக்கிறேன். அவளும் ஓடிப்போனவனின் பெண்டாட்டி என்ற பேரோடு இங்கேயேதான் கிடந்தாள்.

ஆனி 12

தண்ணீர் வந்துவிட்டது. மூன்று கண்ணிலும் போகிறது.

சமையல்கட்டு வாசலில் போய் நின்றேன். "அமிர்தம், நீ சொன்னதால அவன் போகலம்மா" என்றேன்.

அவள் திரும்பவில்லை. தட்டில் சோறு போட்டாள், குழம்பு ஊற்றினாள். எனக்கு முன்னால் வைத்துவிட்டு, "சாவித்திரி, ஒங்க அப்பாயியச் சாப்பிடச் சொல்லு" என்றாள்.

சாவித்திரி பள்ளிக்கூடத்துக்குப் போய் ஒரு மணி நேரம் ஆகியிருந்தது.

உட்கார்ந்து சாப்பிட்டேன்.