பந்தலுக்குப் பின்னால் ஏரி

பழவேற்காடு

அன்பு மகள் நந்தினிக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் சித்தப்பா வீட்டாரும் நலம், முகத்துவாரம் திறந்தபின் ஏரியும் நலம். நீ நன்றாகத் தூங்குகிறாயா என்பதைத்தான் போனில் உன் குரலை வைத்துக் கண்டுபிடிக்க முடியவில்லை. மான்ட்ரியலில் பனி நின்றுவிட்டதா? தலைக்கு எண்ணெய் வைக்காமல் இருக்காதே.

நீ செய்துகொண்டிருக்கும் படத்திலிருந்து அனுப்பிய துண்டைப் பார்த்தேன். வீடியோக்கார வேதாசலம் கடையை மூடியபோது உனக்குக் கொடுத்த கேசட் மூட்டை உப்புக்காற்றில் வீணாய்ப் போயிருக்கும் என்றுதான் நினைத்திருந்தேன். பூஞ்சை பிடித்த இடமெல்லாம் கல்யாண வீட்டுக்குள்ளேயே மழை பெய்வதுபோல இருக்கிறது, யாரோ சிரிக்கிறார்கள், அந்தச் சிரிப்பு பாதியில் கரைந்து இன்னொருவர் முகமாகிறது. என் கனவுகளும் இப்படித்தான் வரும். அது நம் தெரு பானுப்ரியாவின் கல்யாண ரிசப்ஷன். நீலக் கட்டம் போட்ட சட்டைக்காரர் திரும்பிப் பார்ப்பதைப் பெரிதாக்கி, மெதுவாக்கித் திரும்பத் திரும்ப ஓடவிட்டிருக்கிறாய். "நைனா நடமாடுவதை முதல்முறையாகப் பார்க்கிறேன், என் முழுப் படமும் இந்தத் திரும்பலில்தான் நிற்கிறது" என்று எழுதியிருந்தாய். நீ நடை பழகும் முன்பே அவர் போய்விட்டார், நம்மிடம் இருக்கும் ஒரே போட்டோவிலும் அதே சட்டைதான். ஆனால் இது நைனா இல்லை, கண்ணு.

சரவணன் சித்தப்பாவிடம் காட்டினேன். "அது நான்தான் அண்ணி, அன்னிக்கு அண்ணன் சொக்காவ போட்டுனு சுத்தினேன்" என்றார். சித்தி அம்பிகா, இந்த மீசையை முன்னாலேயே பார்த்திருந்தால் கட்டியே இருக்கமாட்டேன் என்று அவரை ஓட்டினாள். எல்லாரும் சிரித்தோம். அப்புறம் அவர் மெதுவாக, "பாப்பாகிட்ட சொல்லாதீங்க அண்ணி. அவ நைனாவாவே இருந்துட்டுப் போறேன், எனக்கு இன்னா கொறஞ்சுபூடப் போவுது" என்றார். சொல்லாமலே விட்டுவிடலாமா என்று நானும் நினைத்தேன். சொன்னால் உன் படம் உடைந்துபோகுமே என்று ஒரு பயம், சொல்லாவிட்டால் வேறொருவர் முகத்தை நீ நைனா என்று மனதில் வைத்துக்கொள்வாயே என்று இன்னொரு பயம்.

மறுபடி பார்த்தபோதுதான் ஞாபகம் வந்தது. அன்று நம் பாடு, ஏரியில் வலை கட்ட நம் முறை. ஏரியில் யார் எங்கே வலை கட்டுவது என்று சீட்டுப் போட்டுப் பிரிப்பது உனக்குத் தெரியும், முறை வந்த நாளில் அந்த இடத்தில் வேறு யாரும் இறங்கமாட்டார்கள், நாம் போகாமல் விட்டால் அடுத்த முறை வரும்வரை காத்திருக்க வேண்டியதுதான். தம்பியாவது கல்யாண வீட்டில் சந்தோஷமாக இருக்கட்டும் என்று சட்டையையும் கொடுத்துவிட்டு, சாயங்காலம் வலையையும் அதைக் கட்டும் கழிகளையும் படகில் ஏற்றிக்கொண்டு நைனா தனியாகவே போனார். நீ சட்டையைப் பெரிதாக்குவதற்கு முன்னால், பந்தல் துணி காற்றில் ஒருமுறை விலகுகிறது, பார். பின்னால் ஏரி. சிவந்த வானத்துக்குக் கீழே ஒரு படகு, பக்கத்தில் இடுப்பளவுத் தண்ணீரில் நின்று கழி ஊன்றும் ஓர் ஆள், பூஞ்சைப் புள்ளியைவிடக் கொஞ்சம்தான் பெரிது. அன்று அந்த இடத்தில் நம் படகைத் தவிர வேறு படகு இருந்திருக்க முடியாது.

சித்தப்பாவை வெட்டிவிடாதே, அவரும் இருக்கட்டும். படத்தின் கடைசியில் அவர் பெயரை மறக்காமல் போடச் சொல்லி அம்பிகாவின் உத்தரவு. இருட்டில் திரையையே பார்த்துக்கொண்டிருக்காமல் வேளைக்குச் சாப்பிடு. உன் கண்ணும் கையும் நன்றாக இருக்க வேண்டும், எடுத்த வேலை நல்லபடி முடிய வேண்டும். துணி விலகும் அந்த இடத்தை மட்டும் பெரிதாக்காதே. கரையில் நின்று நான் அவரைப் பார்த்ததும் அவ்வளவு தூரத்தில்தான்.

உன் அம்மா
கோமளா