வாள் ஏந்தியவளின் இடது கை

அன்புள்ள அம்மா,

இந்த நேரங்கெட்ட நேரத்தில் எழுதுவதற்கு மன்னித்துக்கொள். இங்கே போன் எடுக்காது; விடிந்ததும் ஓட்டுநர் மராட் நம் ஊருக்குக் கிளம்புகிறான். முட்டிவலி தேவலையா? என் பாப்பா இன்காருக்குக் காய்ச்சல் விட்டதா?

நாங்கள் தோண்டும் புதைமேட்டில், அந்தக் காலத்துக் குதிரை நாடோடிகளான சர்மாத்தியரின் படைவீரர் ஒருவரது எலும்புக்கூடு கிடைத்தது. வலக்கையருகே நீள வாள், காலடியில் வெண்கல அம்புமுனைகள், குதிரையேறியே வளைந்த தொடையெலும்பு! அவர் ஆவிக்கு மணம் போய்ச் சேர, நம் ஊர் வழக்கப்படி எண்ணெயில் ரொட்டி சுட்டோம்.

“பெரியவரே, ரொட்டி தின்னாச்சுல்ல? அக்கா மேல வாளை வீசிடாதீங்க!” என்றான் மராட்.

இடுப்பெலும்பைத் துலக்கியதும் அதன் அகலம் தெரிந்தது.

“பெரியவர் இல்லடா. பொம்பளை.”

அவள் இடது கை மடிப்பில் ஒரு கைக்குழந்தையின் எலும்புகள் இருந்தன. முட்டை ஓடு போல மெல்லிய மண்டை. இரண்டாயிரம் வருடத்துக்கு மேலாகியும் அந்தக் கை பிடியைத் தளர்த்தவில்லை, அம்மா.

மராட் எழுந்துபோய் மறுபடி அடுப்பை மூட்டினான். “சின்னதுக்கும் சுடணும்ல, அக்கா.”

நான் நலம். இன்காரின் தொப்பி ஒன்றைத் துவைக்காமல் மராட்டிடம் கொடுத்தனுப்பு. காய்ச்சல் விட்டதா என்று மட்டுமாவது சீக்கிரம் பதில் எழுது.

உன் ரௌஷான்