இரண்டு மில்லிமீட்டர்

அன்புள்ள அம்மாவுக்கு,

இதைப் படித்ததும் கிழித்துவிடு. யாரிடமும் காட்டாதே, அப்பாவிடம்கூட. அவர் உடனே மாமாவுக்குப் போன் செய்து கேட்டுவிடுவார். உன் கண் எப்படி இருக்கிறது? தம்பி ஒழுங்காகச் சாப்பிடுகிறானா? நான் நன்றாக இருக்கிறேன்.

மாமா தன் பழைய காருக்கு வேறொரு காரின் அலாய் வீல்களை டயரோடு மாட்டியிருக்கிறார். பள்ளி விட்டதும் அவர் டயர் கடையில்தானே இருக்கிறேன், ஸ்கேல் வைத்து அளந்தேன். காரில் எதிரெதிர் போல்ட்டுகளுக்கு நடுவே நூறு மில்லிமீட்டர். வீலின் ஓட்டைகளுக்கு நடுவே தொண்ணூற்றெட்டுதான். மாமா சுத்தியலால் தட்டி ஏற்றிவிட்டார். நேற்று கடையிலிருந்து வீட்டுக்கு வந்து சேர்வதற்குள் முன்சக்கரத்தின் மூன்று நட்டுகள் தளர்ந்து, விரலாலேயே திருக முடிந்தது.

மாமாவிடம் சொன்னேன். “நாலு போல்ட்டு, நாலு ஓட்டை. இருபது வருஷமா இதே வேலை பாக்குறேன், எனக்கே பாடம் எடுக்குறியா?” என்று ஓர் அறை விட்டார். வலிக்கவில்லை, சும்மா கை பட்ட மாதிரிதான். “மாமாவையே அளக்க வந்துட்டா பாரு, ஸ்கேல் ராணி” என்று அத்தை சிரித்தார்.

ஞாயிற்றுக்கிழமை உன்னைக் கண் ஆஸ்பத்திரிக்கு அழைத்துப்போக மாமா அந்தக் காரில்தான் வருகிறார். ஏறாதே அம்மா. காரில் வாந்தி வரும், பஸ்ஸில் வருகிறேன் என்று சொல்லிவிடு. நான் எழுதியது தெரியவே கூடாது. வரும்போது என் பழைய போர்வையைக் கொண்டுவா. இங்கே புதுசு கொடுத்திருக்கிறார்கள், ஆனாலும் தூக்கம் வரவில்லை.

தம்பி முன் சீட்டுதான் கேட்பான். அழுதாலும் ஏற்றாதே. கதவைத் தட்டுகிறார்கள், மாமா