குட்டியைப் பறிக்காத கூட்டம்

இன்று கண் ஆஸ்பத்திரியில் காத்திருந்தபோது தொலைக்காட்சியில் காட்டினார்கள். செத்த குட்டியை முதுகில் போட்டுக்கொண்டு காட்டில் நடக்கிறது ஒரு சிம்பன்சி. உட்கார்ந்திருந்தவர்கள் எல்லாம் உச்சுக் கொட்டினார்கள். எனக்கு எரிச்சல் வந்து, எழுந்து வெளியே போய்விட்டேன்.

எழுபதுகளில் ஆவடி குவார்ட்டர்ஸில் நம் வீடுகள் எதிரெதிரே. நூலகத்தில் எடுத்த ஆங்கிலப் பத்திரிகையை நீ எனக்குத் தமிழில் சொல்வாய். சிம்பன்சிகள் புல் குச்சியைப் புற்றுக்குள் விட்டுக் கரையான் பிடிப்பது, ராத்திரிக்கு ராத்திரி கிளையை வளைத்துப் புதுப் படுக்கை போடுவது. "நமக்கு ஒரு குவார்ட்டர்ஸ் மாத்த மூணு வருஷம் ஆவுது, அதுங்களுக்குத் தினம் புது வீடு" என்று சிரிப்பாய்.

பிறகு உன் ஏழு மாதப் பெண் மூன்று நாள் வயிற்றுப்போக்கில் போனாள். நீ அவளை மடியிலிருந்து இறக்கவில்லை. வெயில் ஏறுகிறது என்று ஆண்கள் அவசரப்படுத்தினார்கள். உன் விரல்களைப் பிரித்துக் குழந்தையை எடுத்தவள் நான்தான்.

மூன்று மாதம் கழித்துப் பக்கத்து வீட்டம்மா வந்தாள்.

"இன்னாம்மா, இன்னும் அயுதுகினே கீறே? இன்னொண்ணு பெத்துக்கினா எல்லாம் சரியாப் பூடும்."

நீ நிதானமாகச் சொன்னாய்: "காட்டுல ஒரு குரங்கு செத்த குட்டிய நாள்கணக்கா தூக்கிட்டுத் திரியுது. மத்ததுங்க பக்கத்துல உக்காந்து அதுக்குப் பேன் பாக்குதுங்க, பிடுங்கலே. எனக்கு அரை நாள் குடுத்தீங்களா?"

உனக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று அந்தம்மா தெரு முழுக்கச் சொன்னாள். நானாவது உன் பக்கம் பேசியிருக்க வேண்டும். "இப்ப எதுக்குடி குரங்குக் கதை" என்றேன். அதற்குப் பிறகு நீ எனக்கு எதையும் படித்துச் சொல்லவில்லை. மாற்றலாகிப் போனபோது விலாசம்கூடத் தரவில்லை. நீ இறந்துபோன செய்தியே ஆறு மாதம் கழித்து யார் மூலமோ வந்தது.

போன வருஷம் இங்கே அயனம்பாக்கத்தில், மாடி வீட்டுப் பெண்ணின் கைக்குழந்தை இறந்தது. "நேரமாவுது, குடும்மா" என்று ஒருவர் கை நீட்டினார். நான் குறுக்கே நின்றேன்.

"அவளா குடுக்கட்டும். அதுவரைக்கும் யாரும் கிட்ட வராதீங்க."

திட்டினார்கள். கேட்டுக்கொண்டு அவள் பக்கத்தில் உட்கார்ந்து தலையைக் கோதினேன். பொழுது சாயும்போது அவளே கொடுத்தாள். காரியமெல்லாம் முடிந்த பிறகு என் கையைப் பிடித்து, "நீங்க இல்லேன்னா..." என்று அழுதாள்.

கையை உருவிக்கொண்டு வந்துவிட்டேன். அவள் நன்றியை வாங்கிக்கொள்ள எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது, சொல்.