வறட்டாத முட்டை

மார்ச் 3, செவ்வாய்

இன்றும் எனக்குச் சுவரோரக் கட்டில்தான். மகனுடைய மாமியாருக்குச் சன்னல், பெற்றவளுக்குச் சுவர். ஒரு அறையில் இரண்டு கிழவிகள். காலையில் சம்பந்தி கஞ்சியைத் துப்பினாள். சட்டையை மருமகள் மாற்றினாள். தரையைத் துடைத்தது நான். இடுப்பு விட்டுப் போகிறது.

சம்பந்திக்கு நினைவு தேய்ந்துகொண்டே வருகிறது. என்னைப் பார்த்து, "நீங்க யாரு வீட்டு ஆளு?" என்று கேட்டாள். எனக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. யார் எப்போது என்ன சொன்னார்கள் என்பது சொல் மாறாமல் அப்படியே கிடக்கிறது.

மார்ச் 4, புதன்

சம்பந்திக்கு முட்டை வேண்டுமாம். தக்காளி போட்ட முட்டை. அவர்கள் சீனக்காரர்கள், தமிழர்கள் நடுவிலேயே இருந்து தமிழ் பேசப் பழகியவர்கள். அவர்கள் வீட்டில் இது அன்றாடம் செய்வது. வேறு எதற்கும் வாயைத் திறக்கவில்லை.

கொடுத்துத் தொலைக்க வேண்டியதுதானே என்றேன். மருமகள் அழுதுவிட்டாள்.

"அத்தை, அப்பா போனப்ப அவர் படத்து முன்னாடி நின்னு, இனிமே கறி, மீன், முட்டை, பால் எதையும் தொடமாட்டேன்னு அம்மா சொன்னாங்க. நினைவோட சொன்ன வார்த்தை அது."

"இப்ப அவங்களுக்கே அது ஞாபகமில்லையே" என்றான் மகன்.

"எனக்கு இருக்கே" என்றாள்.

அது எனக்குப் பிடித்தது. வெளியே காட்டிக்கொள்ளவில்லை.

மார்ச் 6, வெள்ளி

டாக்டர் பார்த்தார். இப்படியே போனால் மூக்கு வழியாகக் குழாய். பிடுங்கிவிடாமல் இருக்கக் கையைக் கட்டிலோடு கட்டுவார்களாம்.

என் அறையில். என் கண் முன்னால்.

மார்ச் 9, திங்கள்

மருமகள் டோஃபு வாங்கி வைத்துவிட்டு வேலைக்குப் போனாள். சோயாப் பாலைத் திரித்துக் கட்டியாக்கியது, பார்க்க வெள்ளை சோப்பு மாதிரி. முட்டைக்குப் பதில் இதைச் செய்து பாருங்கள் அத்தை என்றாள். எப்படி என்று அவளுக்கும் தெரியாது.

துணியில் கட்டி, தேங்காய்ப்பூவைப் பிழிவது போல ஒட்டப் பிழிந்தேன். உதிர்த்து, மஞ்சள் தூவி, வெங்காயம் பச்சைமிளகாயோடு நன்றாக வறுத்தேன். தக்காளியும் சுண்டச் சுண்ட வதங்கியது. பார்க்க முட்டையேதான். நானே ஒரு வாய் தின்றேன், குறையில்லை.

சம்பந்தி வாயில் வைத்த வேகத்தில் துப்பினாள். சுவரைப் பார்த்து, "வறட்டிட்டாங்க" என்றாள்.

பார்த்தாயா. நான் யார் என்பது மறந்துபோயிற்று. அந்தச் சொல் மட்டும் மறக்கவில்லை.

மார்ச் 10, செவ்வாய்

நேற்று முழுக்க அதே நினைப்பு. எழுதிவிட்டால் இறங்குமா என்று பார்க்கிறேன்.

மகனுக்குக் கல்யாணம் பேசி முடித்து, முதன்முதலாகச் சம்பந்தி வீட்டுக்குச் சாப்பிடப் போனோம். அடுப்படி வாசலில் போய் நின்றேன். உட்காருங்கள் என்று ஒரு வார்த்தை இல்லை. ஒரு நாற்காலி இல்லை. சமைத்து முடிக்கும்வரை நின்றேன். பிறகு நான் சாப்பிடுவதைப் பார்த்துத் தன் மகளிடம் சொன்னாள்: "பாவம், இவங்களுக்கு முட்டைய வறட்டத்தான் தெரியும்." தமிழில் சொன்னாள். எனக்கும் விளங்கட்டும் என்றுதானே?

ஆனால் நிற்க வைத்தாளே, அதனால் எல்லாவற்றையும் பார்த்தேன். உட்கார்ந்திருந்தால் சட்டிக்குள் நடந்தது தெரிந்திருக்காது.

எண்ணெய் நன்றாகக் காய்ந்த பிறகு முட்டையை ஊற்றினாள். ஓரம் பொங்கியதும் பெரிய மடிப்பாகத் தள்ளினாள். நடுவில் தளதளவென்று இருக்கும்போதே எடுத்துத் தட்டில் வைத்தாள். வேகாததை எடுக்கிறாளே, கிறுக்கியா என்று நினைத்தேன். அதே சட்டியில் தக்காளி, உப்பு. அப்புறம் சர்க்கரை. தக்காளி குழைந்து சாறு விட்டதும் முட்டையைத் திருப்பிச் சேர்த்து, உடையாமல் புரட்டி, வெங்காயத்தாள் தூவி இறக்கினாள்.

மருமகளிடம் கேட்டேன்: "உங்க அம்மா முட்டைய முதல்ல தனியா எடுத்து வைப்பாங்க, இல்ல?"

"தெரியல அத்தை. எனக்குச் சாப்பிடத்தான் தெரியும்."

அப்படியானால் இது தெரிந்தவள் இப்போது நான் ஒருத்திதான். நல்ல கூத்து.

மார்ச் 12, வியாழன்

கெட்டி டோஃபு வேண்டாம், மெத்தென்றது வாங்கி வா என்றேன். பிழியவில்லை.

ஆனால் முட்டை வாசத்துக்கு எங்கே போவது? அப்போதுதான் என் கறுப்பு உப்பு டப்பா கண்ணில் பட்டது. வயிற்றுப் பொருமலுக்கு வெந்நீரில் கலந்து குடிப்பேன். திறந்தாலே மகன் மூக்கைப் பொத்திக்கொண்டு, "யாரும்மா முட்டைய உடைச்சது?" என்பான்.

அவசரத்தில் எண்ணெயிலேயே போட்டுவிட்டேன். வாசம் பறந்துவிட்டது. கடைசியில் போட வேண்டும்.

சம்பந்தி ஒரு வாய் விழுங்கினாள். அடுத்ததற்குத் தலையைத் திருப்பிக்கொண்டாள். கை குச்சியாகிவிட்டது.

மார்ச் 15, ஞாயிறு

குழாய் போட நாளைக்கு வரச் சொல்லியிருக்கிறார்கள்.

காலையிலேயே அடுப்படிக்குப் போனேன். சோளமாவில் துளி மஞ்சள் கரைத்து, டோஃபுவைக் கரண்டியால் பெரிது பெரிதாக வெட்டி அதில் புரட்டினேன். எண்ணெய் காய்ந்தது. ஓரம் பிடித்ததும் மடித்தேன். தளதளவென்று இருக்கும்போதே தட்டுக்கு எடுத்தேன். மனசு கேட்கவில்லை, ஆனாலும் எடுத்தேன். தக்காளி. உப்பு. சர்க்கரைக்குக் கை நின்றது. தக்காளியில் சர்க்கரை போட்டவள் என்று தெரிந்தவர்களிடமெல்லாம் சொல்லிச் சிரித்த வாய் இது.

போட்டேன்.

திரும்பினால் சம்பந்தி. சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்து வந்து அடுப்படி வாசலில் நிற்கிறாள். பார்வை சட்டியில். நிற்கட்டும், நான் நின்றேனே, என்று கொஞ்ச நேரம் விட்டேன். அவள் முழங்கால் வெடவெடவென்று ஆடியது.

சீ, என்ன பிழைப்பு இது. நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார வைத்தேன்.

கறுப்பு உப்பைக் கடைசியில் தூவியதும் மூக்கை நிமிர்த்தினாள். கிண்ணத்தில் சோற்றோடு கொடுத்தேன். தின்றாள். கரண்டி நிற்கவில்லை. அடியில் இருந்த சாற்றையும் வழித்தாள்.

"யாரு செஞ்சது?"

வாய்வரை வந்தது. 'நான்தான், முட்டையை வறட்டுகிறவள்' என்று.

"நீங்கதான்" என்றேன்.

"அதானே. நான் வறட்டமாட்டேன்."

மருமகள் தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டு, கழுவிய பாத்திரத்தையே திரும்பக் கழுவிக்கொண்டிருந்தாள்.

மார்ச் 16, திங்கள்

டாக்டரிடம் போகவில்லை. மறுபடி அதையே செய்தேன். களைப்பு.

மார்ச் 24, செவ்வாய்

நாற்காலி அடுப்படி வாசலிலேயே கிடக்கிறது. போகவர இடிக்கிறது என்று மகன் எடுக்கப் போனான். எடுக்காதே என்றேன்.

இன்று சம்பந்தி அதில் உட்கார்ந்துகொண்டு, சட்டியை எட்டிப் பார்த்து, "சர்க்கரை பத்தல" என்கிறாள்.

இன்னும் கொஞ்சம் போட்டேன். சன்னல் விஷயத்தை நான் மறக்கவில்லை.