இருவர் பிடித்த கோல்

1993 வைகாசி, வெள்ளி இரவு

கொழும்புக்குப் போய்விட்ட சேவையர் (நில அளவையாளர்) ஒருவரிடம் வாங்கிய பழைய டோட்டல் ஸ்டேஷனை, காணி அளக்கும் மின்கருவியை, இன்றுதான் முதன்முதலாகக் காணியில் நிறுத்தினேன். கொடிகாமத்தில் ஓர் அண்ணனுக்கும் தம்பிக்கும் எல்லைச் சண்டை. யாழ்ப்பாணத்துக்குப் பற்றறி வர அரசின் தடை. சைக்கிள் மிதித்து டைனமோவில் ஏற்றிய சார்ஜ் கொஞ்ச நேரம்தான் நிற்கும். அதற்குள், கண்ணாடி பொருத்திய கோலை எல்லையில் யார் பிடிப்பது என்று தகராறு. கடைசியில் இருவரும் சேர்ந்தே பிடித்தார்கள்.

நான் கருவியில் குறிபார்க்கும்போது ராணுவ ஹெலிகொப்டர் வந்தது. கோலின் கண்ணாடி வெயிலில் பளிச்சிட்டது; மேலிருந்து பார்ப்பவனுக்கு அது துவக்காகத் தெரியலாம்.

"விட்டிட்டு ஓடுங்கோ!" என்று கத்தினேன்.

"அவனை முதலிலை விடச் சொல்லுங்கோ," என்றார் அண்ணன்.

"நான் விட்டால் அண்ணை கோலை என்ரை பக்கம் அரக்கிப் போடுவார்," என்றான் தம்பி.

ஹெலி தலைக்கு மேலே சுற்றியது. நான் தென்னையடியில் குப்புறக் கிடந்தேன். அவர்கள் அசையவேயில்லை.

சத்தம் அடங்கியதும் அண்ணன் கேட்டார்: "சேவையர், அளந்தாச்சோ?"

கருவியின் திரை அணைந்திருந்தது. "சார்ஜ் முடிஞ்சுது," என்றேன்.

"அப்ப நாளைக்கும் வந்து பிடிக்கிறம்."

தம்பியும் தலையாட்டினான். இன்று அவர்கள் ஒத்துப்போனது அந்த ஒன்றில்தான்.

சார்ஜ் ஏற்ற வேண்டும். சைக்கிள் சுவரோடு சாய்ந்து நிற்கிறது. நாளைக்கு ஹெலி வந்தாலும் அவர்கள் கோலை விடமாட்டார்கள். ஏற மனம் வரவில்லை.